நிறங்காணியும் வான்காயும்

காய்நாள் 1

வந்துவிட்டது. பதினோரு வருடம் எங்கேயோ கிடந்துவிட்டு, நான் மொட்டைமாடியில் வேட்டி பிழிந்துகொண்டிருக்கும் நேரமாகப் பார்த்து வந்திருக்கிறது. மேற்கே, கடலுக்கு ஒரு முழம் மேலே, எலுமிச்சை அளவுக்கு ஓர் ஒளி. கீழே தெருவில் ஒரே கூச்சல். அப்புறம் யாரோ நிமிர்ந்து என்னைப் பார்த்தார்கள். கூச்சல் நின்றுவிட்டது. இனி இப்படித்தான். நாற்பது நாளோ ஐம்பது நாளோ, நான் போகுமிடமெல்லாம் ஊர் வாயை மூடிக்கொள்ளும்.

பதிவேட்டில் எழுதினேன்: "வான்காய் தோன்றியது. பச்சை." முதல் நாள் எப்போதும் பச்சைதான். அதைச் சொல்ல ஒரு நிறங்காணி எதற்கு என்று தெரியவில்லை.

பதிவேட்டில் ஒரு நாளைக்கு ஒரு வரிக்கு மேல் எழுதக் கூடாது என்று விதி. மிச்சத்தை எங்கே கொட்டுவது? அதற்குத்தான் இந்த நோட்டு.

வேட்டி வாளியிலேயே கிடந்து நாறிவிட்டது. மறுபடி துவைக்க வேண்டும்.

காய்நாள் 2

இந்த நோட்டு கரையானுக்குத் தப்பினால் யாராவது படிக்கலாம். அவருக்குப் புரிய வேண்டுமே என்று எழுதுகிறேன்.

என் பெயர் பொறையன். வயது ஐம்பத்தெட்டு. ஓதங்கரையின் நிறங்காணி. எங்களுக்கும் மறுகரைக்கும் நடுவே இடைக்கடல். வானத்தில் ஒரு மரம் இருக்கிறதாம், அதன் வேர் இடைக்கடலின் நடுவே இறங்கியிருக்கிறதாம். வேர் ஓயாமல் நீரை உறிஞ்சுவதால் நடுக்கடல் சுழன்றுகொண்டே இருக்கும், போன படகு திரும்பாது. பதினோரு வருடத்துக்கு ஒருமுறை அந்த மரம் ஒரே ஒரு காய் காய்க்கும். அது பழுத்துச் சிவந்ததும் வேர் உறிஞ்சுவதை நிறுத்தும். மூன்று நாள் கடல் தூங்கும். மூன்றாம் நாள் அந்தியில் காய் உதிரும். அத்தோடு மறுபடி பதினோரு வருடம் கதவு சாத்தியாயிற்று.

கரையில் நின்று அலையைப் பார்த்து ஒன்றும் சொல்ல முடியாது. கரையோர அலை என்றைக்கும் ஒரே மாதிரிதான். வானைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். முன்னொரு காலத்தில் ஆளாளுக்கு ஒரு நிறம் சொல்லி, எவனோ அவசரப்பட்டுச் சிவந்துவிட்டது என்று கூவி, முப்பது படகு போய் ஒன்றுகூடத் திரும்பவில்லை. அன்றிலிருந்து சட்டம்: ஒரு கண் பார்க்கும், ஊர் வாய் மூடும். காயின் நிறம் நிறங்காணியின் காதில் விழக் கூடாது. சொன்னவர் வீட்டிலிருந்து யாரும் படகேற முடியாது. நிறங்காணி எப்போது கொடி ஏற்றுகிறானோ அப்போதுதான் படகு நகரும்.

இன்னொன்றும் உண்டு. என் கண் கலங்கிவிடாமலிருக்க, ஊரிலுள்ள சிவப்பையெல்லாம் ஒளித்துவைத்துவிட வேண்டும். மிளகாய் வற்றல் பானைக்குள், கல்யாணப் புடவை பெட்டிக்குள். இன்று தெருவெல்லாம் ஒளித்துவைக்கும் சத்தம்தான்.

ஆக, நாற்பது நாளைக்கு மிளகுக் குழம்பு.

காய்நாள் 5

அடுத்த வீட்டு முத்தாரி கருவாடு கொண்டுவந்தாள். கருவாடு போடுகிறவள், அதிர்ந்து பேசமாட்டாள். அவள் மகன் கீரன்தான் இந்தத் தடவை முதல் படகுக்குச் சுக்கான் பிடிக்கப் போகிறான். மகள் அல்லி போன காயின்போது மறுகரைக்குப் போனவள், திரும்பவில்லை. அங்கேயே கல்யாணமாகி இரண்டு பிள்ளைகள் இருக்கிறதாகக் கேள்வி. எப்படிக் கேள்வி என்று கேட்டால், கடலில் மிதந்து வந்த ஒரு மூங்கில் குழாய்க்குள் ஓலை. அதுவும் நாலு வருடத்துக்கு முந்தி.

"இந்தத் தடவையாவது காய் முன்னாடியே விழாம இருக்கணும் அண்ணாச்சி" என்றாள்.

அது என் கையிலா இருக்கிறது என்று கேட்டேன். கொஞ்சம் சத்தமாகக் கேட்டுவிட்டேன் போலிருக்கிறது. கருவாட்டை வைத்துவிட்டுப் போய்விட்டாள்.

போன முறை காய் ஒரு நாள் முந்தி உதிர்ந்தது. போனவர்களில் பதினொரு பேர் அக்கரையிலேயே மாட்டிக்கொண்டார்கள். பதிவேட்டில் என் கையாலேயே எழுதியிருக்கிறேன். வானம் செய்ததற்கு நான் என்ன செய்ய முடியும்? அந்தப் பதினொரு பேரில் என் வீட்டுக்காரி வெண்ணியும் ஒருத்தி. எனக்கு மட்டும் இழப்பு இல்லையா?

காய்நாள் 6

மிளகுக் குழம்பு.

காய்நாள் 9

மீன் சந்தைக்குப் போனேன். நான் நுழைந்ததும் நூறு பேர் இருந்த இடத்தில் ஈ பறக்கிற சத்தம் கேட்டது. ஒரு கிழவர் இருமலைக்கூட அடக்கிக்கொண்டார். வாளை மீன் என்ன விலை என்று கேட்டதற்கு, கடைக்காரி விரலைக் காட்டினாள். விலைக்கும் காய்க்கும் என்ன சம்பந்தம்?

வீட்டிலும் இதே அமைதிதான். வெண்ணி இருந்தவரை இந்த வீட்டில் வாய் ஓய்ந்ததில்லை. முப்பத்துமூன்று வருடத்துக்கு முந்திய காயில் மறுகரையிலிருந்து என்னைக் கட்டிக்கொண்டு வந்தவள். நான் நிறங்காணி ஆன முதல் காயின்போது, தினமும் அந்தியில் மாடிப்படியில் நின்று மேற்கே பார்த்துக்கொண்டு சமையல் பேசுவாள். இன்னிக்குப் பிஞ்சு வெண்டைக்காய் வாங்கணும், நாளைக்கு மாங்காய்ப் பச்சடி வைக்கலாமா, பூசணிக்காய் ஒரு கீத்து கிடைக்குமா. கையில் நிறம் ஒத்துப்பார்க்கும் நூல் பலகையை வைத்துக்கொண்டு ஊருக்கே பொறுப்பான வேலை பார்க்கிற மனிதனிடம் பேசுகிற பேச்சா அது? நாலு நாளைக்கு முந்தி வைத்த பச்சடியைப் பற்றி யார் கேட்டார்கள்?

பொறுத்துக்கொண்டேன். அப்போதெல்லாம் எனக்குப் பொறுமை இருந்தது.

காய்நாள் 13

நூல் சோதனை. அவைத்தலைவர் எயினன் நாலு பேரோடு வந்தார். ஊரில் அவர் காது கேட்காத விஷயம் கிடையாது, அவர் வாய் நுழையாத வீடும் கிடையாது.

பலகையில் ஒன்பது பட்டு நூல்கள். பச்சையில் தொடங்கிச் சிவப்பில் முடியும். அவற்றை உருவிக் கலைத்துத் தட்டில் போடுவார்கள். நான் வரிசையாகக் கோத்துக் காட்ட வேண்டும். அப்போதுதான் என் கண் சரியாக இருக்கிறது என்று அவை ஒப்புக்கொள்ளும்.

நான் கண்ணை மூடிக்கொண்டே கோத்துக் காட்டினேன். நாலு பேரும் அசந்துபோனார்கள். எயினனே வாயைப் பிளந்தார். ஒவ்வொரு நூலின் வாலிலும் சின்னச் சின்ன முடிச்சுகள் உண்டு, முதல் நூலில் ஒன்று, கடைசியில் ஒன்பது. அந்தக் காலத்து நெசவுக்காரர்களின் ஒழுங்கு அப்படி. தெரிந்தவன் விரலுக்குத் தெரியும். இதை யாரிடமும் சொல்ல வேண்டிய அவசியமில்லை.

காய்நாள் 19

எயினன் என்ற மனிதருக்கு வேலை கிடையாது. இருந்தால் இப்படிச் செய்யமாட்டார். பழைய நூல் மங்கிவிட்டதாம். அவை கூடி, புதுப் பட்டு நூல் சாயமேற்றிக் கொண்டுவந்திருக்கிறார்கள். இருபத்தைந்தாம் நாள் புது நூலில் இன்னொரு சோதனை வைத்து, ஊரைக் கூட்டி, நான் கண்ணை மூடிக்கொண்டு கோப்பதை எல்லாருக்கும் காட்ட வேண்டுமாம். ஊர் பெருமைப்படுமாம்.

பழைய நூல் நன்றாகத்தானே இருந்தது? எதையும் மாற்றினால்தான் இவர்களுக்குத் தூக்கம் வரும். பழையதை நானே வைத்துக்கொள்கிறேன் என்று வாங்கி வந்தேன்.

புதுசு ஒன்றில்கூட முடிச்சில்லை.

காய்நாள் 21

இரண்டு நாளாகப் பழைய நூல் ஒன்பதையும் புதிய நூல் ஒன்பதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறேன். வெயிலில் பார்த்தேன், நிழலில் பார்த்தேன், தண்ணீரில் நனைத்துப் பார்த்தேன். மட்டமான சாயம். ஒரு நூலுக்கும் இன்னொரு நூலுக்கும் வித்தியாசமே தெரியாத மாதிரி ஏற்றியிருக்கிறான். எல்லாம் ஊறவைத்த புளி மாதிரி இருக்கிறது.

என் கண்ணில் ஒரு குறையும் இல்லை. கொக்கு எந்தப் பாறையில் உட்கார்ந்திருக்கிறது என்று இங்கிருந்தே சொல்லுவேன்.

சோறு அடிப்பிடித்துவிட்டது.

காய்நாள் 22

வேறு வழியில்லாமல் முத்தாரியைக் கூப்பிட்டேன். புது நூலின் தரம் பார்க்க வேண்டும், பழைய நூலோடு ஜோடி சேர்த்துக் கொடு என்றேன். நூலைப் பற்றிப் பேசினால் சட்டம் ஒன்றும் சொல்லாது, காயைப் பற்றித்தான் பேசக் கூடாது.

நான் இரண்டு நாள் மண்டையை உடைத்துக்கொண்டதை அவள் வெற்றிலை போடும் நேரத்தில் முடித்துவிட்டாள். அப்புறம் பழைய நூலின் வாலைப் பிடித்துப் பார்த்தாள்.

"இது அக்கரை முடிச்சுல்லா. வலை முடியுத முடிச்சு. வெண்ணி மைனி எனக்கும் இது சொல்லித் தந்தாவ."

நெசவுக்காரர்கள் போட்டது என்றேன். இக்கரை நெசவுக்காரனுக்கு இந்த முடிச்சு வராது என்றாள். அப்புறம் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். ரொம்ப நேரம். எனக்கு அந்தப் பார்வை பிடிக்கவில்லை. அடுப்பில் பால் வைத்திருக்கிறேன் என்று சொல்லி அனுப்பிவிட்டேன். என் வீட்டில் பால் வாங்குவதில்லை என்பது அவளுக்குத் தெரியும்.

முடிச்சு முடிச்சுதான். யார் போட்டால் என்ன?

காய்நாள் 23

நான் நிறங்காணி ஆவதற்கு முந்தைய வாரம், பழக்கத்துக்காகப் பலகையை வீட்டுக்குக் கொடுத்தனுப்பினார்கள். வெண்ணி அதைத் தூசி தட்டுகிறேன் என்று சமையலறைக்குள் கொண்டுபோய் அரை நாள் வைத்திருந்தாள். அரசாங்கப் பொருளை அடுப்படிக்குக் கொண்டுபோனாயே என்று சத்தம் போட்டது ஞாபகம் இருக்கிறது.

சிரித்தாள் என்று நினைக்கிறேன்.

காய்நாள் 25

சோதனை முடிந்தது. புது நூலில் நானே முடிச்சுப் போட்டுவிட்டேன். ஊர் கைதட்டியது. எயினன் மாலை போட்டார். முத்தாரி கூட்டத்தின் கடைசியில் நின்றிருந்தாள், அவள் கைதட்டவில்லை.

மாலையைத் தெருவில் போன மாட்டுக்குப் போட்டேன். மாடு தின்னவில்லை.

காய்நாள் 28

வெண்ணியின் ஊரில் அது காயே இல்லையாம். ஒருமுறை சொன்னாள். அது ஒரு பெண்ணின் முகமாம். புருஷனோடு ஊடிக்கொண்டு பதினோரு வருடம் முகத்தைத் திருப்பிக்கொண்டு போய்விடுவாளாம். திரும்பி வரும்போதும் கோபம் தணியாமல் முகம் பச்சையாகவே இருக்குமாம். அவன் மறைத்துவைத்திருந்ததை அவனே வாயைத் திறந்து சொன்ன பிறகுதான் முகம் சிவக்குமாம். அதுவரை கடலும் அடங்காதாம்.

மரம், வேர், காய் என்று கேட்டால் ஒரு நியாயம் இருக்கிறது. இதில் என்ன நியாயம்? அவன் அப்படி எதைத்தான் மறைத்துவைத்தான் என்று கேட்டேன். அது அவனுக்கும் அவளுக்கும்தான் தெரியும் என்றாள். இப்படிப் பேசினால் மனிதனுக்குக் கோபம் வருமா வராதா?

காய்நாள் 31

பழைய பதிவேடுகளை எடுத்துப் பார்த்தேன். எடுத்திருக்கக் கூடாது.

இருபத்திரண்டு வருடத்துக்கு முந்திய காய். பத்தாம் நாள், இரண்டாம் நூல் என்று எழுதியிருக்கிறேன். வெண்டைக்காய் பேசிய நாள். இருபதாம் நாள், நாலாம் நூல். மாங்காய். முப்பத்துநாலு, ஆறாம் நூல். பூசணி, அதுவும் நன்றாக விளைந்த பூசணியாக இருக்க வேண்டும் என்று சொன்னாள், கிடைக்காமல் கோபித்துக்கொண்டாள். முப்பத்தொன்பதாம் நாள் நான் கொடி ஏற்றினேன். அன்று அந்தியில் அவள் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது. தோட்டத்தில் தக்காளியெல்லாம் பழுத்து வெடிக்கப் போகிறது, இன்றைக்கே பறிக்காவிட்டால் வீண் என்றாள்.

எங்கள் வீட்டில் தோட்டமே கிடையாது.

ஒருத்தி ஒரு காய் முழுக்க ஊர்ச் சட்டத்தை என் கண்ணெதிரே, என் காதுக்குள்ளேயே மீறியிருக்கிறாள். நான் அதைச் சமையல் பேச்சு என்று நினைத்தேன். நினைத்தேன் என்றுதான் எழுத முடிகிறது. நினைத்தேனா?

காய்நாள் 32

போன காய். அதையும் எழுதித் தொலைக்கிறேன்.

முப்பதாம் நாள் எயினன் வீட்டுக்கு வந்திருந்தார். வெண்ணி வழக்கம்போல மாடிப்படியில் நின்று கத்தரிக்காயோ எதையோ ஆரம்பித்தாள். எயினன் சிரித்தார். நிறங்காணி வீட்டில் அடுப்படியும் காய் பார்க்குமோ என்றார். வேடிக்கைக்குத்தான் சொன்னார். எனக்கு உடம்பெல்லாம் எரிந்துவிட்டது. அவர் முன்னாலேயே அவளைச் சத்தம் போட்டேன். நான் நிறங்காணியா நீ நிறங்காணியா, வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே போ என்றேன். போனாள்.

அதற்கப்புறம் பத்து நாள் அவள் காய்கறியைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. நாற்பதாம் நாள் அந்தியில் மட்டும் வந்து நின்றாள்.

"நான் ஒண்ணு சொன்னா கேப்பீயளா?"

கேட்கமாட்டேன் என்றேன்.

மறுநாள்தான் கொடி ஏற்றினேன். அவள் அம்மாவுக்கு உடம்பு முடியவில்லை என்று குழாயில் ஓலை மிதந்து வந்திருந்ததால், துணைக்கு அல்லியைக் கூட்டிக்கொண்டு முதல் படகில் போனாள். கொடி ஏறி மூன்று நாள் இருக்கிறது என்று கணக்கு வைத்துத்தான் எல்லாரும் போனார்கள். இரண்டாம் நாள் அந்தியில் காய் உதிர்ந்தது.

ஒரு நாள் முந்தி உதிர்ந்தது என்று பதிவேட்டில் எழுதினேன். மை இன்னும் மங்கவேயில்லை.

காய்நாள் 35

ஆட்டுக்குக் காய் சிவந்தால் தெரியும் என்று யாரோ சொன்னதாக ஞாபகம். அந்தியில் ஓர் ஆட்டைப் பிடித்து மாடிக்கு ஏற்றினேன். ஏறும்போது ஒத்துழைத்தது. இறங்கமாட்டேன் என்றது. முக்கால் மணி நேரம் போராடினேன். ஊர் முழுக்கப் பார்த்தது, யாரும் உதவிக்கு வரவில்லை. எனக்கு உதவினால் சட்டம் மீறியதாகிவிடுமோ என்று பயமாம்.

காய்நாள் 37

பலகையை வானத்துக்கு நேரே பிடித்து ஒன்று ஒன்றாகப் பார்த்தேன். ஒன்றாம் நூல் மாதிரியும் இருக்கிறது, ஒன்பதாம் நூல் மாதிரியும் இருக்கிறது. பதிவேட்டில் "ஏழு" என்று எழுதினேன். எட்டாக இருந்தால் என்ன செய்வது? ஆறாக இருந்தால்? முந்திக் கொடி ஏற்றினால் கீரன் படகுதான் முதலில் சுழலுக்குள் போகும். பிந்தி ஏற்றினால் வெண்ணி இன்னும் பதினோரு வருடம் அங்கே. அவளுக்கு ஐம்பத்துமூன்று வயதாகிறது. எனக்கு ஐம்பத்தெட்டு. இன்னொரு காயை நாங்கள் இரண்டு பேரும் பார்ப்போமா?

வேட்டியில் ஒன்று கிழிந்துவிட்டது. ஊசியில் நூல் கோக்க வரவில்லை.

காய்நாள் 40

கடற்கரையில் கூட்டம். படகுகளைத் தண்ணீர் ஓரம்வரை தள்ளிவைத்துவிட்டார்கள். எல்லாரும் என் மாடியையே பார்க்கிறார்கள். சிவந்துவிட்டது, ஏன் இன்னும் ஏற்றவில்லை என்று பார்க்கிறார்களா, இன்னும் எத்தனை நாள் காத்துக்கிடப்பது என்று பார்க்கிறார்களா? முந்நூறு முகத்தில் ஒரு முகமாவது காட்டிக்கொடுக்கக் கூடாதா? பாழாய்ப்போன ஒழுங்கான ஊர்.

எனக்குத் தெரியாது.

இதுவரை இந்த நோட்டில்கூட எழுதியதில்லை. எனக்குப் பச்சையும் சிவப்பும் ஒன்றுதான். பிறந்ததிலிருந்தே.

காய்நாள் 41

அந்தியில் முத்தாரி வந்தாள். வாசலிலேயே நின்றாள். உள்ளே வரச் சொன்னேன், வரவில்லை.

"என்ன குழம்பு அண்ணாச்சி இன்னிக்கு?" என்று கேட்டாள்.

மிளகுக் குழம்பு என்றேன். வேறு ஏதாவது வைக்கலாமே என்றாள். அவளுக்கு எல்லாம் தெரிந்துவிட்டது, வெண்ணி மாதிரி நிறத்தைச் சொல்ல வந்திருக்கிறாள் என்று புரிந்தது. புரிந்ததும் பழைய எரிச்சல்தான் முதலில் வந்தது. அடுத்த வீட்டுக்காரி வந்து எனக்குச் சொல்லித்தர வேண்டுமா? அவள் வாயைத் திறப்பதற்குள், சட்டம் இருக்கிறது முத்தாரி, உன் மகன் படகு ஏற வேண்டும் என்று சொல்லிக் கதவைச் சாத்திவிட்டேன்.

சாத்திய கதவுக்குப் பின்னால் கொஞ்ச நேரம் நின்றேன். அவளும் அந்தப் பக்கம் நின்றாள். அப்புறம் காலடிச் சத்தம்.

அதே கதவு. அதே வேலை. பதினோரு வருடத்தில் நான் கற்றது இவ்வளவுதான்.

காய்நாள் 42

படுத்துக்கொண்டு எழுதுகிறேன். எழுத்து கோணினால் கோணட்டும்.

பிற்பகலில், காய் மேற்கே தெரிய ஆரம்பித்ததும், கொடியைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு கடற்கரைக்குப் போனேன். நிறங்காணி கொடியோடு மாடியை விட்டு இறங்கியதே கிடையாது. கூட்டம் விலகி வழிவிட்டது. எயினன் ஓடிவந்தார். ஒரு படகின் மேல் ஏறி நின்றேன்.

எப்படிப் பேச வேண்டும் என்று வழியெல்லாம் யோசித்துக்கொண்டு போனேன். ஒன்றும் வரவில்லை.

"எனக்கு நிறம் தெரியாது" என்றேன். "எப்பவுமே தெரியாது. மொதத் தடவ எனக்குச் சொன்னது வெண்ணி. போன தடவ அவ வாய நான் அடைச்சிட்டேன். காய் முன்னாடி விழல. நான்தான் ஒரு நாள் பிந்திக் கொடி ஏத்தினேன். பதினொரு பேரும் அங்க கிடக்கிறது என்னாலதான்."

முத்தாரியைப் பார்த்துத்தான் சொன்னேன். வேறு யாரைப் பார்த்துச் சொல்ல?

யாரும் பேசவில்லை. எயினன் முகம் வெளுத்தது என்று சொல்லுவார்கள், எனக்கு அதுவும் தெரியவில்லை. அவர் உட்கார்ந்துவிட்டார், அவ்வளவுதான் பார்த்தேன். ஒருவன் கல்லெடுத்தான். பக்கத்தில் நின்றவன் அவன் கையைப் பிடித்துக்கொண்டான். நான் அடி வாங்கத் தயாராகத்தான் நின்றேன். அடித்தால்கூட இந்த அமைதி கலையுமே என்று இருந்தது.

முத்தாரி திரும்பி நடந்தாள். வீட்டுக்குள் போனாள். போகட்டும் என்று நினைத்தேன், எந்த முகத்தோடு அவளை நிறுத்துவது? அவள் ஒரு பானையைத் தூக்கிக்கொண்டு வந்தாள். மூடியை எடுத்தாள். உள்ளே கையை விட்டு எதையோ அள்ளி, வாயைத் திறக்காமல், மேற்கே காய்க்கு நேராகத் தூக்கிப் பிடித்தாள்.

மிளகாய் வற்றல்.

நிறம் தெரியாவிட்டாலும் மிளகாய் தெரியாதா எனக்கு? காம்பும் சுருக்கமும் போதும். நாற்பது நாள் கண்ணில் படாத மிளகாய்.

அப்புறம் எல்லாரும் ஓடினார்கள். ஒருத்தி கல்யாணப் புடவையைக் கொண்டுவந்து விரித்தாள், இன்னொருத்தி கண்ணாடி வளையலை உயர்த்தினாள். குங்குமச் சிமிழ், செம்பருத்தி, பிள்ளைகளின் பட்டுப் பாவாடை. ஊர் ஒளித்துவைத்ததெல்லாம் வெளியே வந்து வானத்துக்கு நேராக நின்றது. ஒருவர்கூட ஒரு வார்த்தை பேசவில்லை. சட்டம் சட்டமாகவே இருந்தது.

எப்போதிலிருந்து என்று கேட்டேன். முத்தாரி ஒரு விரலைக் காட்டினாள். நேற்று. அவள் என் வாசலில் நின்ற அந்தி.

மறுபடி ஒரு நாள் போய்விட்டது. ஆனாலும் நாளை அந்திவரை கடல் தூங்கும். ஓர் இரவில் போய்ச் சேரலாம், ஒரு பகலில் திரும்பலாம். அங்கே இறங்கி யாரையும் தேட நேரமில்லை. யார் கரையில் நிற்கிறார்களோ அவர்களை ஏற்றிக்கொண்டு வர வேண்டியதுதான்.

கொடியை அந்தப் படகின் பாய்மரத்திலேயே ஏற்றினேன். கீரன்தான் முடிச்சுப் போட்டான். அவன் என்னைப் பார்க்கவில்லை.

காய்நாள் 43

காலையில் எயினன் ஆள் அனுப்பிப் பதிவேட்டையும் மாடிச் சாவியையும் வாங்கிக்கொண்டார். சாவிக்கொத்தில் என் வீட்டுச் சாவியும் இருந்தது. அதைத் திரும்ப வாங்க அரை நாள் அலைந்தேன். ஊரில் யாரும் என்னைத் திட்டவில்லை, யாரும் பேசவுமில்லை. இந்த அமைதியாவது நான் சம்பாதித்தது.

மத்தியானத்திலிருந்து கரையில் உட்கார்ந்திருந்தேன். முத்தாரி பத்தடி தள்ளி உட்கார்ந்திருந்தாள். அவள் கிட்டே வரவில்லை, நானும் போகவில்லை. ஒருமுறை மட்டும் சொன்னாள்.

"உங்கள மன்னிச்சிட்டேன்னு நெனச்சுக்கிடாதீய. படகு போகணும், அதுக்குத்தான்."

தெரியும் என்றேன்.

வெண்ணிக்குக் கோபம் என்றால் எனக்குத் தெரியும். முந்தாநாள் காய் சிவந்ததை அங்கேயும் பார்த்திருப்பார்கள். இங்கிருந்து படகு வரவில்லை என்று அவளும் பார்த்திருப்பாள். இந்த மனிதன் மாறவேயில்லை என்று மூட்டையைப் பிரித்துவிட்டு வீட்டுக்குள் போயிருந்தால்? போகத்தான் வேண்டும். நான் அவளாக இருந்தால் போயிருப்பேன்.

காய் கடலைத் தொட இன்னும் அரை முழம் இருக்கும்போது படகுகள் தெரிந்தன. ஆறு போனது, ஆறும் வந்தது. கீரன் படகு முன்னால். அல்லி இரண்டு பிள்ளைகளோடு குதித்து இறங்கினாள். முத்தாரி அவளைக் கட்டிக்கொள்ளவில்லை, பெரிய பிள்ளையின் சட்டையைப் பிடித்துக்கொண்டு அப்படியே மணலில் உட்கார்ந்துவிட்டாள். ஒவ்வொருவராக இறங்கினார்கள். எண்ணிக்கொண்டே இருந்தேன். பத்து.

பின் பலகையில் ஒருத்தி எழுந்து நின்றாள். தலை நரைத்திருந்தது. முகத்தில் சுருக்கம். மூட்டையை மடியில் இறுக்கிக் கட்டியிருந்தாள். இறங்கவில்லை. நான் தண்ணீருக்குள் முழங்கால் வரை போய் நின்றேன். கை நீட்டினேன். அவள் அதைப் பிடிக்காமல் தன் முந்தானையை எடுத்து என் முகத்துக்கு நேரே காட்டினாள்.

"இது என்ன நெறம்?"

இருபத்திரண்டு வருடம் ஒரே வீட்டில் இருந்தபோது இந்தக் கேள்வியை அவள் பலமுறை கேட்டிருக்கிறாள். உனக்கு எடுப்பாக இருக்கிறது என்பேன். புதுசா என்பேன். வேலை இருக்கிறது என்று எழுந்து போவேன். ஒவ்வொரு முறையும் தப்பித்ததாக நினைத்தேன்.

"தெரியல வெண்ணி" என்றேன். "பச்சையா சிவப்பானு எனக்குத் தெரியாது."

"அது எனக்குக் கல்யாணமாகி ஏழாம் நாளே தெரியும்" என்றாள். "நீங்க சொல்லுவீயளான்னுதான் பாத்தேன். முப்பத்துமூணு வருசம்."

அழுதுவிட்டேன், அதை இதில் எழுதுவதில் என்ன வெட்கம். ஊரே பார்த்தது.

"பச்ச" என்று முந்தானையைத் தோளில் போட்டுக்கொண்டாள். "கையப் பிடிங்க. காலெல்லாம் மரத்துப்போச்சு."

பிடித்து இறக்கினேன். மணலில் நாலு அடி வைத்ததும், வீட்டில் என்ன குழம்பு என்று கேட்டாள். மிளகுக் குழம்பு என்றேன். நாற்பத்துமூன்று நாளாகவா என்றாள். பின்னால் யாரோ காய் உதிர்ந்துவிட்டது, உதிர்ந்துவிட்டது என்று கத்தினார்கள். நான் திரும்பிப் பார்க்கவில்லை.